மூன்று வரை எண்ணவும்

புனே நகரின் கேம்ப் பகுதியில் இன்று உயிரோடு இருப்பவர்களில் பொய்ச் சிரிப்பு ஒன்றைக்கூடச் சிரித்திராத ஒரே மனிதன் நான். பெருமைக்காகச் சொல்லவில்லை. என் உயரம் ஐந்தடி ஏழங்குலம் என்பதைப் போல இதுவும் ஒரு தகவல்.

ஆதாரம் வேண்டுவோருக்கு: எங்கள் கல்லூரி முதல்வர் ஆண்டு விழாதோறும் சொல்லும் தவளை ஜோக்குக்கு அறுநூறு பேர் சிரித்தபோது நான் சிரிக்கவில்லை. அந்தப் பருவத்தில் என் வருகைப் பதிவு எழுபத்து நான்கு சதவீதத்தில் நின்றுபோனது. எங்கள் தமிழ்க் கிறிஸ்தவச் சபையின் செயலாளர் கிறிஸ்டோபர் அங்கிளிடம் ஒரே ஒரு ஜோக் இருக்கிறது. அதில் ஒரு போதகரும் ஒரு கோழியும் வருவார்கள். கோழி பேசும் இடத்தில் சபையே குலுங்கும். நான் அந்தக் கோழியின் நிலைமையை நினைத்துக்கொண்டு நிற்பேன்.

இந்தக் கொள்கையைப் பரப்புவதற்காகவே இன்ஸ்டாகிராமில் ஒரு பக்கம் நடத்திவந்தேன். பெயர் 'பல்லைக் காட்டாதே'. எழுதுவது நான், படம் வரைவது நகரின் மறுபக்கம் ஔந்த்தில் இருக்கும் என் தோழி தீப்தி. பக்கத்தின் முதல் எதிரி, தொலைக்காட்சித் தொடர்களில் ஒட்டப்படும் சிரிப்பு. ஜோக் சொன்னவனே ஆள் வைத்துச் சிரிக்கச் சொல்லிப் பதிவு செய்து வைத்துக்கொள்வது, அதைக் கேட்டு வீட்டில் சோபாவில் இருப்பவனும் சிரிப்பது. கள்ள ஓட்டைப் பார்த்துவிட்டு நாமும் அதே சின்னத்தில் குத்துவதைப் போன்றது இது என்று எழுதியிருந்தேன். நூற்றுப் பதினொரு பேருக்குப் பிடித்திருந்தது.

ஒரே சங்கடம், எங்கள் குடும்பத்துக்குக் கேம்ப்பில் இருந்த மரியாதை முழுவதும் அந்த ஒட்டுச் சிரிப்பால் வந்தது.

மில்ட்ரெட் அத்தை, என் அப்பா ஜார்ஜின் அக்கா. குவார்ட்டர் கேட் பக்கம் நாங்கள் இருக்கும் அதே பழைய கட்டடத்தில், எங்களுக்கு மேல் மாடியில் தனியாக இருக்கிறாள். 1988-இல் அவளுக்கு வயது இருபத்தாறு. நாட்டில் ஒரே ஒரு சேனல் இருந்த அந்தக் காலத்தில் 'சௌத்தா மாலா' என்று ஓர் இந்தி நகைச்சுவைத் தொடர் வந்தது. பம்பாயில் நான்காம் மாடியில் குடியிருக்கும் ஒரு குடும்பத்தின் கதை. அதில் பக்கத்து வீட்டுத் தமிழ்ப் பெண் ருக்மிணியாக வந்தவள் அத்தை. வாரம் தவறாமல் கதவு திறக்கும். வாசலில் காலியான கிண்ணத்தோடு ருக்மிணி நிற்பாள். "மே ஆயி நஹீ, பஸ் பூச்னே ஆயி" என்பாள். நான் வரலை, கேட்டுட்டுப் போகத்தான் வந்தேன். உடனே சிரிப்பு இடிந்து விழும்.

அந்த வசனம் இந்தியா முழுக்கப் பரவியது. எங்கள் வீட்டில் மட்டும் அது தமிழில் தங்கிவிட்டது. அத்தை வீட்டுக்குப் போகும் யாரும் கதவைத் தட்டிவிட்டு, "நான் வரலை, கேட்டுட்டுப் போகத்தான் வந்தேன்" என்றுதான் சொல்வோம். "அப்ப வாசல்லயே கேளு" என்பாள் அத்தை. சொல்லிவிட்டுக் கொஞ்சம் நிற்பாள். அப்புறம்தான் கதவைத் திறப்பாள்.

எதைச் சொன்னாலும் அவள் அப்படித்தான். சொல்லி முடித்ததும் மூன்று நொடி நின்று, வளையலைத் திருப்பி, மின்விசிறியைப் பார்த்து, அதன் பிறகே அடுத்த வேலை. கோதுமை மாவு வாங்கச் சொன்னாலும் மூன்று நொடி. நாங்கள் அதை அவளுடைய கம்பீரம் என்று நினைத்திருந்தோம்.

முப்பத்தெட்டு வாரம் டெக்கான் குயீன் ரயிலில் பம்பாய் போய் வந்தாள். முப்பத்தொன்பதாவது வாரம் ஷூட்டிங்குக்கு அழைப்பு வரவில்லை. ஏதோ தள்ளிப்போகிறது என்று நினைத்தாள். அந்த வாரம் அக்கம்பக்கத்தார் இருபது பேரோடு எங்கள் வீட்டு டிவி முன்னால் உட்கார்ந்திருந்தபோது, திரையில் கதாநாயகன் தன் மனைவியிடம் சொன்னான்: "ருக்மிணி மதராஸ் போயிருக்கா. ரெண்டு வாரத்துல வந்திருவா." சிரிப்பு.

இப்படித்தான் தன் வேலை போன செய்தி அத்தைக்குத் தெரிந்தது. அதன்பின் ஒரு பள்ளிக்கூட அலுவலகத்தில் முப்பது வருடம் கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றாள். ருக்மிணி மதராஸிலிருந்து இன்னும் வரவில்லை.

போன மாதம் ஏதோ ஒரு சேனலில் 'சௌத்தா மாலா' நடிகர்களை எல்லாம் சோபாவில் உட்கார வைத்துப் பேட்டி எடுத்தார்கள். பால்காரனாக இரண்டே வாரம் வந்தவரைக்கூடக் கூப்பிட்டிருந்தார்கள். அத்தையைக் கூப்பிடவில்லை. "ருக்மிணி எங்கே?" என்று தொகுப்பாளினி கேட்க, "மதராஸ் போனவ, ரயிலைத் தவற விட்டுட்டா" என்றார் கதாநாயகன். சோபா முழுக்கச் சிரித்தது. அத்தை டிவியை அணைத்துவிட்டு ரிமோட்டுக்குப் பிளாஸ்டிக் உறை போட்டாள்.

கேம்ப் கொதித்தது. அதாவது கிறிஸ்டோபர் அங்கிள் கொதித்தார். வருகிற அசனத்தன்று சகோதரி மில்ட்ரெட்டுக்குச் சால்வை போடுவது, அதற்கு முன் சபை ஹாலில் 'சௌத்தா மாலா' ஒரு வாரக் கதையைத் திரையிடுவது என்று முடிவானது. அசனம் என்பது எங்கள் சபையில் வருடத்துக்கு ஒருமுறை எல்லோரும் ஒரே பந்தியில் உட்கார்ந்து ஆட்டுக்கறி சாப்பிடும் நாள். பாளையங்கோட்டையிலிருந்து எங்கள் முன்னோர்கள் கொண்டுவந்தவற்றில் இன்றுவரை குறையாமல் இருப்பது அது ஒன்றுதான்.

அத்தையிடம் ஒரே ஒரு வீடியோ டேப் இருந்தது. பீரோவில் பைபிளுக்குக் கீழே துணி சுற்றி வைத்திருந்தாள். அதைக் கணினிக் கோப்பாக மாற்றித்தரும் பொறுப்பு எனக்கு வந்தது, குடும்பத்தில் படித்துக்கொண்டு சும்மா இருப்பவன் நான் ஒருவன்தான் என்பதால்.

டேப்பைக் கையில் கொடுத்தபோது கேட்டேன். "அத்த, ஸ்டூடியோவுல எத்தன பேரு உக்காந்து சிரிப்பாங்க? எரநூறு பேருன்னு அப்பா சொல்லுவாரு."

அத்தை கதவைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

"ஒருத்தரும் கெடயாதுல."

"என்னது?"

"நாலு செவரு, மூணு கேமரா. ஆடியன்ஸ்னு ஒரு நாற்காலிகூட கெடயாது. டயலாக்க சொல்லி முடிச்சதும் டைரக்டரு கேமராவுக்குப் பின்னால மூணு வெரல மடக்குவாரு. ஒண்ணு, ரெண்டு, மூணு. அதுவரைக்கும் அடுத்தவ வாயத் தொறக்கக் கூடாது. அந்த எடத்துலதான் பின்னால சிரிப்ப ஒட்டுவாங்க. சும்மா நின்னா மரம் மாதிரி இருக்கும்லா? அதான் வளையலத் திருப்புவேன், ஃபேனப் பாப்பேன்."

"அப்போ வீட்லயும் நீங்க..."

"பழகிட்டு. என்ன செய்ய?" மூன்று நொடி. "யார்ட்டயும் சொல்லிராத, பெனி. உங்கப்பன்ட்டகூட சொன்னதில்ல. அவன் எரநூறு பேருன்னு சொல்லுதான், சொல்லட்டும்."

நான் தலையை ஆட்டினேன். அது நிஜமான தலையாட்டல். அந்த நேரத்தில் நிஜம்தான்.

கேம்ப்பில் பழைய டேப்புகளை மாற்றித்தரும் மராட்டியப் பெரியவர் ஒருவர் இருக்கிறார், எல்லோருக்கும் காகா. டேப்பை முகர்ந்து பார்த்து, பூஞ்சை பிடித்திருக்கிறது, ஒரே தடவைதான் ஓடும் என்றார். சொன்னபடி ஒரே தடவை ஓடியது. கடைசி எழுத்துகள் போய்க்கொண்டிருக்கும்போது டேப் அறுந்து அவர் கையில் கருப்பு சேமியாவாக வந்தது. என் பென் டிரைவில் கோப்பு வந்துவிட்டது. நான் கவலைப்படவில்லை.

வீட்டில் உட்கார்ந்து பார்த்தேன். குக்கர் வெயிட் கடன் கேட்டு ருக்மிணி வரும் கதை. அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது. பேச்சையும் மற்ற சத்தத்தையும் தனித்தனியாகப் பிரிக்கும் செயலி போனிலேயே இருந்தது. சிரிப்பை எடுத்துவிட்டேன்.

நான் அதுவரை கண்டுபிடித்ததிலேயே உயர்ந்த நையாண்டி அது என்று தோன்றியது. ருக்மிணி கதவைத் திறக்கிறாள். "மே ஆயி நஹீ, பஸ் பூச்னே ஆயி." அமைதி. வளையலைத் திருப்புகிறாள். அமைதி. மின்விசிறியைப் பார்க்கிறாள். ஏதோ மறந்துபோய் அறைக்குள் வந்துவிட்ட பெண்ணைப் போல நிற்கிறாள். நாற்பது நொடித் துண்டு ஒன்றை வெட்டி, "சிரிப்பை எடுத்துவிட்டால் மிச்சம் இதுதான். மூன்று வரை எண்ணவும்" என்று ஆங்கிலத்தில் போட்டுப் பக்கத்தில் ஏற்றினேன். பென் டிரைவில் இடமில்லை. சிரிப்புள்ள கோப்பை அழித்துவிட்டுச் சிரிப்பில்லாததை வைத்துக்கொண்டேன். அதுதான் இருந்ததிலேயே ஒரே பிரதி என்பது அந்த நிமிடம் நினைவில் இல்லை. என் பழைய தேர்வு வினாத்தாள்கள் முந்நூறு அதே டிரைவில் பத்திரமாக இருந்தன.

தீப்தி போன் செய்தாள். "ஏய், அது உங்க அத்தைதானே? எடுத்துடு."

"நான் கிண்டல் பண்றது அந்தச் சிரிப்பை. அத்தையை இல்ல."

"பாக்கறவாளுக்கு அது தெரியுமா?"

"தெரியும்."

நான்கு நாளில் நான்கு லட்சம் பேர் பார்த்தார்கள். ஒருவருக்கும் தெரியவில்லை. 'ஆன்ட்டி லோட் ஆகிக்கொண்டிருக்கிறார்' என்று ஒருவர் எழுதினார். 'ஓடிபிக்காகக் காத்திருக்கிறார்' என்று இன்னொருவர். யாரோ அத்தையின் முகத்தை மட்டும் வெட்டி, கரண்ட் போன வீடு, ரிசல்ட் வராத மாணவன் எல்லாவற்றுக்கும் ஒட்டினார்கள். எனக்குப் புதிதாகப் பதினோராயிரம் பேர் சேர்ந்தார்கள். அத்தையிடம் இன்ஸ்டாகிராம் கிடையாது. ஆகவே யாருக்கும் எந்த நஷ்டமும் இல்லை என்று கணக்குப் போட்டேன்.

அந்தக் கணக்கில் நான் விட்டது கிறிஸ்டோபர் அங்கிளை. யாரோ அவருக்கு அந்த வீடியோவை அனுப்ப, அது பாராட்டு என்றே அவர் முழுமனதோடு நம்பினார். சபையின் வாட்ஸப் குழுவில் போட்டார்: 'நம் சகோதரி மில்ட்ரெட் மீண்டும் புகழ் பெற்றிருக்கிறார். நான்கு லட்சம் பேர்! கர்த்தருக்கே மகிமை.' கீழே அறுபத்து மூன்று கைகூப்பல்கள். அந்தக் குழுவில் அத்தையும் இருந்தாள்.

அசனத்துக்கு முந்தைய நாள் காலை மேலே போனேன். கதவைத் தட்டி, "நான் வரலை, கேட்டுட்டுப் போகத்தான் வந்தேன்" என்றேன்.

பதில் வரவில்லை. கதவு திறந்துதான் இருந்தது.

அத்தை மேசையில் பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தாள். போன் பக்கத்தில் இருந்தது. அதில் ருக்மிணி மின்விசிறியைப் பார்த்தபடி நின்றிருந்தாள்.

"உக்காரு."

உட்கார்ந்தேன்.

"மூணு வரைக்கும் எண்ணணும்னு போட்டிருக்கு. அந்த மூணு யாருக்குத் தெரியும்? டைரக்டருக்குத் தெரியும். எனக்குத் தெரியும்." ஒரு பீன்ஸின் இரு முனைகளையும் வெட்டினாள். "டைரக்டரு செத்து பன்னெண்டு வருசமாச்சு. அவரு இன்ஸ்டாகிராம்ல இல்ல."

அது நல்ல வரி. சொல்லும் முறையும் நன்றாக இருந்தது. நான் சிரிக்கவில்லை.

"அத்த, நான் அந்தச் சிரிப்பத்தான்..."

"வெளக்கம் சொல்லாத. ஜோக்குக்கு வெளக்கம் சொன்னா அது செத்துப் போயிரும்னு நீதான சொல்லுவ."

மேசையில் உருண்ட ஒரு பீன்ஸை எடுத்து அவள் பக்கம் வைத்தேன்.

"பம்பாய்க்காரன் என்ன மதராசுக்கு அனுப்பினான். அன்னைக்கு ராத்திரி உங்கப்பன் அந்த டிவியத் தூக்கிப் போட்டு ஒடைக்கப் போனான். நாந்தான் தடுத்தேன். அந்தப் பம்பாய்க்காரன் எனக்கு யாருல? மூணாம் மனுசன். சம்பளம் குடுத்தான், வேண்டாம்னான். அது எவ்வளவு சின்ன வலின்னு நேத்துதான் தெரிஞ்சுது." கத்தியை வைத்தாள். "ஒனக்கு நான் பாட்டில்ல பால் குடுத்திருக்கேன்."

சுவரில் கடிகாரம் ஓடியது. மூன்றுக்கு மேல் நான் எண்ணவில்லை.

"சிரிப்போட இருக்கது எங்க?"

"அழிச்சிட்டேன்."

"டேப்பு?"

"அறுந்துபோச்சு."

அத்தை எழுந்து பீன்ஸைக் கழுவப் போனாள். குழாய்ச் சத்தத்துக்கு மேல் என் குரலை உயர்த்தினேன். "அத்த, இன்டர்நெட்ல ரெக்கார்ட் பண்ணின சிரிப்பு நெறைய இருக்கு. நானே ஒட்டித் தாரேன். நாளைக்குக் காலைல ரெடி ஆயிரும். யாருக்கும் தெரியாது."

"வேண்டாம்."

"இல்லன்னா நான் கிறிஸ்டோபர் அங்கிள்ட்ட சொல்லி நிறுத்திருதேன்."

"அதுவும் வேண்டாம். அப்படியே ஓடட்டும்." குழாயை மூடினாள். "முப்பத்தெட்டு எபிசோடு நடிச்சிருக்கேன். ஒரு மனுசன் சிரிச்சு நான் கேட்டது கெடயாது பெனி. செட்ல யாராவது சிரிச்சா டேக் கெட்டுப் போயிரும்னு லைட்பாய் மொதக்கொண்டு வாயப் பொத்திட்டு நிப்பாங்க. டிவில கேட்டதெல்லாம் எவனோ எப்பவோ எதுக்கோ சிரிச்சது. ஒட்டுற எடத்துல ஒட்டினாங்க. நான் சிரிப்பு நடிகையா இல்லையான்னு எனக்கே தெரியாதுல. நாளைக்கி நம்ம ஆளுக நூத்தம்பது பேரு உக்காருவாங்க. ஒட்டு கெடயாது. பாத்திருவோம்."

"யாரும் சிரிக்கலன்னா?"

"சிரிக்கலன்னு தெரிஞ்சுக்கிடுவேன். அறுபத்து மூணு வயசாச்சு. இதுக்கு மேல என்ன?" ஈரக்கையைத் துண்டில் துடைத்துக்கொண்டு என் முகத்தை நேராகப் பார்த்தாள். "நீயும் வா. சிரிப்பு வந்தா சிரி. வரலன்னா சும்மா இரு. பொய்யா மட்டும் சிரிச்சிராத. அது ஒண்ணுதான் ஒன்ட்ட நம்புத மாதிரி மிச்சம் இருக்கு."

கீழே இறங்கும்போது வீடியோவை எடுத்துவிட்டேன். அதற்குள் மற்றவர்கள் எடுத்துப் போட்ட பிரதிகள் நாற்பதுக்கு மேல் இருந்தன.

மறுநாள் ஆராதனை முடிந்து எல்லோரும் ஹாலுக்கு வந்தபோது மணி பன்னிரண்டரை. பின்கட்டில் ஆட்டுக்கறி கொதித்துக்கொண்டிருந்தது. அத்தை பச்சைப் பட்டுச்சேலையில் முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தாள். புரொஜெக்டர் பொறுப்பு என்னுடையது என்பதால் நான் கடைசி வரிசைக்குப் பின்னால், சுவரோரம் நின்றேன். அங்கிருந்து அத்தையின் கொண்டையும், நாற்காலிக் கையில் கிடந்த அவள் வலக்கையும் தெரிந்தன.

கிறிஸ்டோபர் அங்கிள் தொடங்கிவைத்தார். கோழி ஜோக்கைச் சொன்னார். சபை குலுங்கியது. எனக்குக் கொஞ்சம் நம்பிக்கை வந்தது.

விளக்கை அணைத்தார்கள். திரையில் கதவு திறந்தது. இருபத்தாறு வயது மில்ட்ரெட் அத்தை கையில் கிண்ணத்தோடு நின்றாள்.

"மே ஆயி நஹீ, பஸ் பூச்னே ஆயி."

அத்தையின் கட்டைவிரல் மடங்கியது. ஆட்காட்டி விரல் மடங்கியது. நடுவிரல் மடங்கியது.

ஒருவரும் சிரிக்கவில்லை.

நான் வரிசைகளைப் பார்த்தேன். நூற்றைம்பது பேரும் முதுகை நிமிர்த்தி, கைகளை மடியில் வைத்து, பிரசங்கம் கேட்பதைப் போல உட்கார்ந்திருந்தார்கள். சால்வை வாங்கப் போகும் மூத்த சகோதரி முன்னால் இருக்கிறாள். அவள் படம் ஓடும்போது பல்லைக் காட்டுவது அவமரியாதை என்று அத்தனை பேருக்கும் தோன்றிவிட்டது. இரண்டாம் வரிசையில் சரசா அக்கா புன்னகையை முந்தானையால் மூடிக்கொள்வது இங்கிருந்து தெரிந்தது. அத்தை முதல் வரிசையில் இருந்தாள். அவளுக்குப் பின்னால் இருப்பது எதுவும் அவளுக்குத் தெரியாது. அமைதி மட்டும் கேட்கும்.

இரண்டாவது வரி. ருக்மிணி சமையலறைக்குள் எட்டிப்பார்த்து, "குக்கர் இருக்கு, அரிசி இருக்கு, புருஷன் இருக்கான், வெயிட்டு மட்டும் இல்ல" என்று இந்தியில் சொன்னாள். வளையலைத் திருப்பினாள். மூன்று விரல்கள் மடங்கின. பின்கட்டில் யாரோ ஒரு கரண்டியைக் கீழே போட்டார்கள். அப்பா இருமினார்.

மூன்றாவது வரிக்கு அத்தையின் கை எண்ணவில்லை. விரித்தபடி அப்படியே கிடந்தது. கொண்டை கொஞ்சம் தாழ்ந்தது.

இந்த இடத்தில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லியாக வேண்டும். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த வரியை நான் சிரிப்போடும் சிரிப்பில்லாமலும் முப்பது தடவை கேட்டிருந்தேன். அத்தை சொன்னது முழுக்க நினைவிருந்தது.

ருக்மிணி குக்கர் வெயிட்டை வாங்கி, அதை விளக்கு வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, "இது உங்களுதா, எங்களுதா? போன மாசம் நீங்கதானே எங்ககிட்ட வாங்கிட்டு வந்தீங்க?" என்றாள். மின்விசிறியைப் பார்த்தாள்.

நான் சிரித்தேன்.

குளிர்காலத்தில் பழைய ஸ்கூட்டரை உதைத்ததைப் போல ஒரு சத்தம் வந்தது. எனக்கு முன்னால் இருந்த வரிசையில் மூன்று பேர் திரும்பிப் பார்த்தார்கள். அப்பா திரும்பிப் பார்த்தார். இருபது வருடத்தில் அவர் என்னிடமிருந்து அந்தச் சத்தத்தைக் கேட்டதில்லை. அத்தை திரும்பவில்லை. கொண்டை மட்டும் அசையாமல் நின்றது.

அடுத்த வரிக்கு இன்னும் கொஞ்சம் நன்றாக வந்தது. வயிற்றிலிருந்து எடுக்க வேண்டும் என்று தெரிந்துகொண்டேன். சரசா அக்கா முந்தானையை இறக்கினாள். யாரோ ஒரு மாமா, அனுமதி கிடைத்துவிட்டது என்பதைப் போல, 'ஹோ' என்றார். அவர்களுடையது உண்மையா, என்னைக் கேட்டு வந்ததா என்பதைக் கண்டுபிடிக்க என்னிடம் எந்தச் செயலியும் இல்லை.

அத்தையின் கை நாற்காலியை இறுகப் பிடித்திருந்தது. அவளுக்கு என் குரல் தெரியுமா, தெரியாதா என்று இங்கிருந்து பார்க்க முடியவில்லை.

ருக்மிணி வாசல் வரை போய்த் திரும்பி நின்றாள். வாயைத் திறந்தாள். நான் மூச்சை இழுத்துத் தயாராக வைத்துக்கொண்டேன். அவள் சொல்லி முடித்ததும் தொடங்கினேன், ஒன்று, இரண்டு. அடுத்த வரி அவளுக்குக் கெடாதபடி மூன்றில் நிறுத்திக்கொண்டேன்.